மார்ச் மாதப் பக்கத்தில் அம்மா

கோவில்பட்டியில் நான் வேலை பார்க்கும் இ-சேவை மையத்துக்கு அடுத்த கடை உரக்கடை. அந்தக் கடைச் சுவரில் விதைக் கம்பெனி ஒன்றின் மாதக் காலண்டர் தொங்கும். மார்ச் முதல் தேதி காலையில் சில்லறை மாற்றுவதற்காக அங்கே போனேன். சுவரில் என் அம்மா உட்கார்ந்திருந்தாள்.

கறுப்பு வெள்ளைப் படம். எங்கள் வீட்டு வாசல், காரை பெயர்ந்த சுவர், அதன் கீழே மண்ணில் குத்தவைத்து உட்கார்ந்திருக்கும் அம்மா. கால் முழுக்கக் கரிசல் மண் காய்ந்து ஒட்டியிருந்தது. நெற்றியில் பொட்டு இல்லை. கழுத்தில் எதுவும் தெரியவில்லை. கண் கேமராவைப் பார்க்கவில்லை, அதற்குப் பக்கத்தில் எங்கேயோ பார்த்துக்கொண்டிருந்தது. படத்தின் கீழே சின்ன எழுத்தில், ‘கணவரை இழந்து தனித்து வாழும் கரிசல் காட்டுப் பெண், ஓட்டப்பிடாரம் வட்டம்’ என்று அச்சடித்திருந்தார்கள்.

என் அய்யா அன்றைக்கு ஸ்ரீவைகுண்டம் பக்கம் அறுப்பு முடிந்த வயலில் ஆட்டுக்கிடை போட்டுக்கொண்டு நன்றாகத்தான் இருந்தார்.

“என்னம்மா அப்படிப் பாக்குதீங்க? நல்ல படம்லா?” என்றார் உரக்கடை அண்ணாச்சி. “காலையில தாளை மடக்குனதுல இருந்து நானும் பாத்துக்கிட்டே இருக்கேன். பாத்தாலே மனசு ஒரு மாதிரி ஆயிருது.”

“ஆமா அண்ணாச்சி” என்றேன். என் அம்மா என்று சொல்ல வாய் வந்தது. சொன்னால் அடுத்த கேள்வி அப்பா எப்போது இறந்தார் என்பதாக இருக்கும். செல்போனில் அந்தப் பக்கத்தை ஒரு படம் எடுத்துக்கொண்டு, சில்லறை வாங்காமலே திரும்பிவிட்டேன்.

அன்று முழுவதும் எனக்கு வேலை ஓடவில்லை. என் வேலையே ஆட்களை உட்காரவைத்து வெப்கேமில் படம் பிடிப்பதுதான். உதவித்தொகைக்கு, ரேஷன் கார்டுக்கு, காப்பீட்டுக்கு என்று வருகிறவர்களிடம் நேராகப் பாருங்க, சிரிக்காதீங்க என்று நாள் முழுக்கச் சொல்லிக்கொண்டிருப்பேன். சொல்லத் தேவையே இல்லை. எங்கள் பக்கத்து ஜனங்கள் கேமராவுக்கென்று இரண்டு முகம் தயாராக வைத்திருப்பார்கள். கல்யாண வீட்டுக் கேமரா என்றால் பக்கத்து வீட்டில் இரவல் வாங்கியாவது கழுத்தை நிறைத்துக்கொள்வார்கள். சர்க்கார் கேமரா என்றால் காதில் கிடக்கும் தோட்டைக்கூடக் கழற்றி மடியில் முடிந்துகொள்வார்கள். இருப்பதைக் காட்டினால் பட்டியலிலிருந்து எடுத்துவிடுவார்கள் என்ற பயம். நூறு நாள் வேலைக்குப் போனால் வந்ததற்கு அடையாளமாகக் காலையிலும் மத்தியானமும் நிறுத்தி வைத்துப் படம் எடுக்கிறார்கள், அங்கேயும் இதே முகம்தான். என் எதிரே வந்து உட்காரும் பெண்கள் அந்த முகத்தை மாட்டிக்கொள்வதையும், க்ளிக் சத்தம் கேட்டதும் கழற்றிவிட்டு ஊர்க்கதை பேச ஆரம்பிப்பதையும் தினமும் பார்க்கிறேன். எனக்குச் சிரிப்பாக இருக்கும். அன்றைக்கு இல்லை.

வேலையைப் பாதியில் போட்டுவிட்டு மத்தியானமே ஊருக்குப் பஸ் ஏறினேன். சாலையின் இரண்டு பக்கமும் மக்காச்சோளத் தட்டை அறுத்துப்போட்ட வெறும் காடு, தூரத்தில் காற்றாலைகள் சுற்றாமல் நின்றன. நான் கோவில்பட்டியில் ஒரு மாடி அறையில் தனியாகத்தான் இருக்கிறேன். கல்யாணம் ஆகவில்லை, இனி ஆகும் என்றும் தோன்றவில்லை. என்னை யாராவது அப்படிப் படம் எடுத்தால் கீழே எழுதுவதற்குப் பொய் எதுவும் தேவைப்படாது என்று பஸ்ஸில் ஒரு நினைப்பு வந்தது. அந்த நினைப்பு எனக்குப் பிடிக்கவில்லை. ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

அம்மா வாசலில் உளுந்து புடைத்துக்கொண்டிருந்தாள். நெற்றியில் வழக்கமான பெரிய பொட்டு, கழுத்தில் மஞ்சள் கயிறு.

“வாட்டி. என்ன திடீர்னு? சொல்லியிருந்தா சோறு வச்சிருப்பேம்லா.”

நான் செல்போனை நீட்டினேன். அம்மா கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு வாங்கி, இரண்டு விரலால் பெரிதாக்கிப் பார்த்தாள்.

“ஏட்டி, இது நாந்தான்லா. முந்தியில கிழிசல் இப்படித் தெரியுதே” என்றாள். அப்புறம் சிரித்தாள். “இது அந்த ஆடு குடுக்க வந்தவன் எடுத்ததுல்லா. எங்கன போட்டிருக்கான்?”

“காலண்டர்ல.”

“சாமி படம் போடுத காலண்டர்லயா?”

“வெதைக் கம்பெனி காலண்டர். எல்லா உரக்கடையிலயும் தொங்குது. கீழ என்ன போட்டிருக்கான்னு தெரியுமா?”

கண்ணாடி இல்லாமல் அவளால் படிக்க முடியாது. நான் படித்துக் காட்டினேன். சிரிப்பு நின்றுபோனது. முறத்தைத் தள்ளி வைத்தாள்.

“அவிய பாத்திருவாவளோ?” என்றாள். அவள் வாயில் அவிய என்றால் அய்யாதான்.

அப்புறம்தான் கதை வந்தது. போன வருஷம் ஆடி மாதம், காற்று ஆளைத் தூக்குகிற நேரம். ஒரு வெள்ளைக் கார் ஊருக்குள் வந்திருக்கிறது. பெரிய கேமராவோடு ஒருத்தர், கூட ஒரு டிரைவர். டிரைவர் இறங்கி, இங்கே தனியாக இருக்கிற பொம்பளைகள் யாராவது உண்டா என்று கேட்டிருக்கிறான். புருஷன் இல்லாத பெண்களுக்குச் சர்க்காரில் ஆடு கொடுக்கப் போகிறார்கள், ஆள் வந்து பார்த்து எழுதுவார்கள் என்று ஊரில் பல வாரமாகப் பேச்சு ஓடிக்கொண்டிருந்ததாம். அவ்வளவுதான். தெருவே பரபரப்பாகிவிட்டது. ஒருத்தி ஓடிப்போய் டிவியை அணைத்திருக்கிறாள். இன்னொருத்தி மகன் பைக்கின் மேல் தார்ப்பாயைப் போட்டு மூடியிருக்கிறாள். அம்மா உள்ளே போய்க் காட்டுக்குக் கட்டுகிற பழைய சேலையைச் சுற்றிக்கொண்டு, பொட்டை முந்தியால் அழித்துவிட்டு, தாலிக்கயிற்றை ரவிக்கைக்குள் தள்ளிக்கொண்டு வாசலுக்கு வந்துவிட்டாள்.

“கழட்டலட்டி. உள்ளதான் கெடந்துச்சு” என்று என்னிடம் இரண்டு தடவை சொன்னாள்.

“வீட்டுக்காரர் எங்கன்னு கேட்டாரா?”

“கேட்டான். நான் வாயால ஒண்ணும் சொல்லல. தலைய மட்டும் ஆட்டுனேன்.”

“எப்படி ஆட்டுன?”

ஆட்டிக் காட்டினாள். அதைப் பார்த்தால் யாராக இருந்தாலும் காரியம் முடிந்து வருஷமாகிவிட்டது என்றுதான் நினைப்பார்கள்.

கேமராக்காரர் பச்சை நிறப் பிளாஸ்டிக் குடத்தை நகர்த்தி வைக்கச் சொன்னாராம். கொடியில் காய்ந்த நைட்டியை எடுக்கச் சொன்னாராம். கூரைமேல் இருக்கிற டிஷ் தெரியாதபடி அவரே ஒரு பக்கமாகச் சாய்ந்துகொண்டாராம். அம்மாவோடு நின்றிருந்த பக்கத்து வீட்டு மதினியை, நீங்க கொஞ்சம் தள்ளி நில்லுங்க என்று சொல்லியிருக்கிறார். காலண்டரில் ஓரமாக ஒரு முழங்கை தெரிகிறது, அது மதினியுடையது. தன்னையும் எழுதிக்கொள்ளாமல் விட்டுவிட்டான் என்று அவளுக்கு அன்றைக்கு ஒரே கோபமாம். அவர் யார் பெயரையும் எழுதவே இல்லை என்பது அன்றைக்கு யாருக்கும் தெரியாது.

“ஆடு?” என்றேன்.

“எங்க வந்துச்சு? ஒரு பிஸ்கட் பாக்கெட்டக் குடுத்துட்டுப் போனான்.”

எனக்குக் கோபம் தலைக்கேறிவிட்டது. “எனக்கு ஒரு போன் போட்டுக் கேக்கக் கூடாதா? நாள் முழுக்க அந்த வேலையத்தான நான் பாத்துக்கிட்டு இருக்கேன்? ஆடு குடுக்கிறவன் அவ்வளவு பெரிய கேமராவோடயா வருவான்?”

“நீ சட்டம் பேசுவ” என்றாள் அம்மா. பிறகு, முறத்தைத் திரும்ப இழுத்து மடியில் வைத்துக்கொண்டு, என்னைப் பார்க்காமல் சொன்னாள்: “நாலு உருப்படி கையில வந்துட்டா பெருக்கிக்கிடலாம்னு பாத்தேன். நமக்குன்னு ஆடு இருந்தா அவிய இங்கனயே இருப்பாவல்லா.”

எங்களுக்கு ஆடு இருந்தது. ஒரு மழைக்காலத்தில் நீலநாக்கு நோய் வந்து பாதி போனது, மிச்சத்தை விற்றாயிற்று. அதற்குப் பிறகு அய்யா அடுத்தவர் கிடைக்குச் சம்பளத்துக்குப் போகிறார். கரிசலில் விதைப்பு தொடங்கிவிட்டால் ஆடுகளுக்கு இங்கே இடம் கிடையாது, ஆற்றுப் பாசனப் பக்கம் ஓட்டிக்கொண்டு போய்விடுவார்கள். அறுத்த வயல்களில் ராத்திரி ஆடுகளை அடைத்தால் உரமாகும் என்று விவசாயிகள் கூப்பிடுவார்கள். ஒரு வயல் முடிந்தால் அடுத்த வயல், அது முடிந்தால் அடுத்த ஊர். அய்யா வீட்டுக்கு வருவதே விருந்தாளி மாதிரிதான். புருஷன் வீட்டில் இருக்க வேண்டும் என்பதற்காக என் அம்மா புருஷன் இல்லாதவளாக உட்கார்ந்திருக்கிறாள். இதை எந்தக் காலண்டரில் எப்படி அச்சடிப்பது என்று எனக்குத் தெரியவில்லை.

ஒன்று மட்டும் தெரிந்தது. அய்யா அந்தப் படத்தைப் பார்ப்பதற்கு முன்னால் நாங்கள் சொல்லிவிட வேண்டும். கிடைக்குச் சொந்தக்காரருக்கு நிலபுலனும் உண்டு, உரக்கடைக் காலண்டர் அவர் வீட்டில் இல்லாமல் இருக்காது. அரிசி, பருப்பு வாங்க அய்யா அந்த வீட்டுக்கு அடிக்கடி போகிறவர். தன் மனைவி தன்னைச் செத்தவனாக்கிவிட்டு உட்கார்ந்திருப்பதை அவர் அடுத்தவர் வீட்டுச் சுவரில் பார்க்கக்கூடாது.

அய்யாவின் போன் அணைந்திருந்தது. கிடைக்காரர்கள் போன் எப்போதும் எவர் வீட்டிலாவது சார்ஜ் ஏறிக்கொண்டுதான் கிடக்கும். அன்றும் கிடைக்கவில்லை, மறுநாளும் கிடைக்கவில்லை.

இடையில் படம் எடுத்தவரைத் தேடினேன். படத்தின் ஓரத்தில் அவர் பெயர் இருந்தது. இணையத்தில் அவர் பக்கத்தைக் கண்டுபிடித்துச் செய்தி அனுப்பியதும் அவரே கூப்பிட்டார். சண்டை போடத் தயாராக இருந்தேன். ஆனால் மனிதர் தன்மையாகப் பேசினார். அதுவே எனக்கு எரிச்சலாக இருந்தது.

“அனுமதி கேட்டுத்தான் மேடம் எடுத்தேன். கேட்காம நான் யாரையும் எடுக்கிறதில்ல.”

“காரில வந்து கேட்டா எங்க ஊர்ல யாரும் மாட்டேன்னு சொல்ல மாட்டாங்க சார். எந்தக் கார்ல என்ன வருதுன்னு எங்களுக்கு என்ன தெரியும்?”

கொஞ்சம் யோசித்தார். “கணவர் எங்கன்னு கேட்டேன். அவங்க தலையாட்டினாங்க. நான் அப்படித்தான் புரிஞ்சுக்கிட்டேன்.”

உண்மையைச் சொன்னால் அம்மா ஏமாற்றுக்காரி. சொல்லாவிட்டால் அய்யா செத்தவர். கடைசியில் உண்மையைத்தான் சொன்னேன். ஆட்டுக்காக நடித்தாள் என்றேன்.

“நடிச்சாங்களா?” என்றார் மெதுவாக. “நான் சும்மா உட்காருங்கன்னு மட்டுந்தான் சொன்னேன். கேமராவை இறக்கின பிறகும் அவங்க ரொம்ப நேரம் அப்படியே உட்கார்ந்திருந்தாங்க.”

என் அம்மாவின் முகத்தைப் பற்றி எனக்கே பாடம் எடுக்கிறார் என்று பற்றிக்கொண்டு வந்தது. அவர் தன் பக்கத்திலிருந்து படத்தை எடுத்துவிடுவதாகச் சொன்னார், எடுத்தும் விட்டார். கம்பெனிக்குச் சொல்லி இணையத்தில் இருக்கும் வாசகத்தை நீக்க ஏற்பாடு செய்வதாகவும் சொன்னார். காலண்டரை ஒன்றும் செய்ய முடியாது, ஊர் ஊராகப் போய்விட்டது. போனை வைப்பதற்கு முன், “நான் வேணும்னா நேர்ல வந்து உங்க அப்பா அம்மா ரெண்டு பேரையும் சேர்த்து ஒரு நல்ல படம் எடுத்துத் தரட்டுமா?” என்று கேட்டார்.

“வேண்டாம் சார். இந்த ஒண்ணையே எங்களால சமாளிக்க முடியல” என்றேன்.

அவர் கெட்டவர் இல்லை. அதுதான் சிக்கல். அவர் எதையும் திருடவில்லை, யாரையும் மிரட்டவில்லை. குடத்தை நகர்த்தினார், நைட்டியை எடுக்கச் சொன்னார், மதினியைத் தள்ளி நிற்கச் சொன்னார். ஏழை என்றால் பக்கத்தில் ஆள் இருக்கக்கூடாது என்று படம் எடுக்கிறவர்கள் ஏன் நினைக்கிறார்களோ தெரியவில்லை. எங்கள் தெருவில் ஒருத்தி வாசலில் உட்கார்ந்தால் நாலு பேர் வந்து உட்காருவார்கள், பேச்சுச் சத்தம் பஸ் நிறுத்தம் வரை கேட்கும். அதைத்தான் அவர் வெட்டிவிட்டார் என்று அன்றைக்கு மனதுக்குள் அவரோடு சண்டை போட்டேன். அந்தச் சண்டையில் நான்தான் ஜெயித்தேன் என்றும் நினைத்துக்கொண்டேன்.

அய்யாவின் போன் அந்த வாரக் கடைசியில் ஒருவழியாகக் கிடைத்தது. நான் அய்யா என்று தொடங்கும்போதே, “தெரியும்” என்றார். “பாத்தேன். ஆடு அந்தப் பக்கம் போகுது, வச்சிருதேன்.” வைத்துவிட்டார்.

நான் அம்மாவிடம் சொன்னேன். திட்டினாரா என்று கேட்டாள். இல்லை என்றேன். “திட்டியிருந்தா நல்லா இருந்திருக்கும்” என்றாள்.

பங்குனி உத்திரத்துக்கு எங்கள் பக்கத்தில் எல்லாரும் குடும்பத்தோடு அவரவர் சாஸ்தா கோவிலுக்குப் போவோம். எங்கே பிழைக்கப் போயிருந்தாலும் அன்றைக்கு வந்துவிட வேண்டும். சென்னையில் இருப்பவனும் வருவான், கடன்காரனுக்குப் பயந்து ஓடிப்போனவனும் வருவான். அய்யா ஒரு வருஷமும் தவறியதில்லை. கிடையை யாரிடமாவது பார்க்கச் சொல்லிவிட்டு, முதல் நாள் சாயங்காலமே வந்து குளித்து, கோவிலுக்குக் கட்டும் வேட்டியைக் கேட்பார்.

இந்த வருஷம் வரவில்லை. அம்மா அவருடைய வேட்டியை மடித்துப் பையில் வைத்து எடுத்துக்கொண்டு வந்தாள். நேராகக் கோவிலுக்கு வந்துவிடுவார் என்று சொல்லிக்கொண்டே இருந்தாள். பொங்கல் பொங்கியது, சாமிக்குப் படைத்தாயிற்று. குடை மாதிரி விரிந்த உடைமர நிழலில் சொந்தக்காரர்கள் எல்லாரும் இலை போட்டு உட்கார்ந்தார்கள். ஒவ்வொருத்தராக வந்து, எங்கே அவிய வரலியா என்று கேட்டார்கள்.

“கிடைய விட்டுட்டு எப்படி வருவாவ? மொதலாளி விடல” என்று எல்லாருக்கும் ஒரே பதிலை, ஒரே சிரிப்போடு சொன்னாள். சிரிக்காமல் சொன்னால் நன்றாக இருக்கும் என்று எனக்குப் பட்டது. காலண்டர் சங்கதி சிலருக்குத் தெரிந்திருந்தது போலத்தான் இருந்தது. ஒருத்தி என் காதருகே வந்து, உங்க அம்மா போட்டோவுல நல்லா விழுந்திருக்கா என்றாள். அன்று அவ்வளவு கூட்டத்துக்கு நடுவில் நானும் அம்மாவும் ஒரு இலையின் இரண்டு பக்கம் உட்கார்ந்து, யாருமே இல்லாத இடத்தில் சாப்பிடுவது போலச் சாப்பிட்டோம்.

அடுத்த விடுமுறை நாளில் நான் ஸ்ரீவைகுண்டம் போனேன். அம்மா ஒரு தூக்குவாளியில் மொச்சைக் குழம்பு கொடுத்துவிட்டாள். “நான் சும்மா நடிச்சதுதான்னு அவியகிட்ட எடுத்துச் சொல்லு. வேற ஒண்ணும் சொல்லாண்டாம்” என்றாள். அவளுக்கு வேண்டியது அது ஒன்றுதான். அய்யா நம்பிவிட்டால் கோபம் தீரும், கோபம் தீர்ந்தால் வீட்டுக்கு வருவார்.

விசாரித்து விசாரித்துக் கிடையைக் கண்டுபிடித்தேன். உச்சி வெயில். அறுத்த நெல்லின் தாள் கால் முழுக்கக் குத்தியது. வாய்க்கால் ஓரப் புங்கை நிழலில் ஆடுகள் தலையைக் கவிழ்த்து நெருக்கியடித்து நின்றன. அய்யா கம்பை ஊன்றிக்கொண்டு அவற்றுக்கு நடுவில் தனியாக நின்றார். போன தடவை பார்த்ததைவிட மெலிந்திருந்தார். இவர் இப்படித்தான் நாள் முழுக்க நிற்கிறார் என்பது எனக்குத் தெரியும். தெரிந்தாலும் அதைப் பார்த்தது அன்றைக்குத்தான். எனக்கு அழுகை வந்துவிட்டது.

“வெயில்ல எதுக்குட்டி வந்த?” என்றார்.

சாப்பிடவைத்தேன். பாதி சாப்பாட்டில் நான் ஆரம்பித்தேன். ஆடு கொடுப்பதாகப் பேச்சு, காரில் வந்தவன், தலையாட்டியது, எல்லாவற்றையும் சொன்னேன். அவர் சோற்றைப் பிசைந்துகொண்டே கேட்டார்.

“உங்க அம்மை ஏமாத்துனதுக்கு நான் கோவிக்கல. ஆடு குடுக்காம்னா ஊர்ல எல்லாந்தான் நெத்திய அழிக்கும்” என்றார். “நான் செத்துட்டேன்னு போட்டிருக்கான். போடட்டும். அதுல எனக்கு ஒண்ணும் இல்ல.”

“பெறகு ஏன் கோவிலுக்கு வரல?”

சாப்பிட்டு முடித்தார். வாய்க்காலில் கை கழுவிவிட்டு வந்து துண்டால் துடைத்துக்கொண்டே, “அந்த மொகம்” என்றார்.

“நான் வந்து எறங்குத அன்னைக்கும் அவ சிரிச்சுக்கிட்டுத்தான் நிப்பா. பொறப்படுத அன்னைக்கும் சிரிச்சுக்கிட்டுத்தான் நிப்பா. நான் என்ன நெனச்சேன், சரி, இவளுக்குப் பழகிட்டு, இவ நல்லாத்தான் இருக்கான்னு நெனச்சேன். அப்படி நெனச்சுக்கிட்டுத்தான் இத்தன வருசம் போயிட்டு வந்துக்கிட்டு இருந்தேன். மொதலாளி வீட்டுல அரிசி வாங்கப் போனேன், சொவத்துல பாத்தேன். அந்த மொகத்த நான் பாத்ததே இல்ல தாயி. எனக்கு ஒரு நாளும் காட்டல. கார்ல வந்த எவனுக்கோ காட்டியிருக்கா.”

“அது நடிப்புய்யா” என்றேன். “அம்மாவே சொன்னா. ஆடு கெடைக்கணும்னு சும்மா நடிச்சது.”

அய்யா சிரித்தார். சந்தோஷச் சிரிப்பு இல்லை. “அவளுக்கு நல்லா நடிக்கத் தெரியும். எங்கிட்ட நடிச்சதெல்லாம் இப்பம்லா புரியுது.”

ஆடுகளில் ஒன்று வரப்பு தாண்டியது. எழுந்து போய் அதைத் திருப்பிவிட்டு வந்தார். நின்றுகொண்டே பேசினார். “கோவிலுக்கு வந்தா மறுபடி அதே சிரிப்பச் சிரிப்பா. அத இனிமே எப்படிப் பாக்கது? அதான் வரல.” கொஞ்சம் பொறுத்து, “மாசம் முடிஞ்சு தாள மடக்கிட்டாவ. அந்த வீட்டுக்குப் போகும்போது யாரும் இல்லைன்னா தூக்கி ஒரு தடவ பாத்துக்கிடுதேன்” என்றார்.

நானும் அந்தப் படத்தை எத்தனையோ தடவை பார்த்திருக்கிறேன். நகர்த்திய குடத்தைத் தேடினேன், மறைத்த டிஷ்ஷைத் தேடினேன், மதினியின் முழங்கையைத் தேடினேன். அந்தப் போட்டோக்காரர் மேல் குற்றம் கண்டுபிடிப்பதிலேயே என் கவனமெல்லாம் இருந்தது. அம்மாவின் முகத்தை நான் பார்க்கவில்லை. வாரம் தவறாமல் போனில் பேசுகிற மகள் நான். போனிலும் அவள் சிரித்துக்கொண்டுதான் பேசுவாள்.

அவரை வீட்டுக்கு வாருங்கள் என்று கூப்பிட எனக்கு வாய் வரவில்லை. வந்து என்ன செய்வது என்றுதான் அவருக்குத் தெரியவில்லை, அது எனக்கும் தெரியவில்லை. தூக்குவாளியைக் கழுவி எடுத்துக்கொண்டேன். அய்யா வரப்பு முடிகிற இடம் வரை கூட வந்து, பஸ்ஸுக்குக் குறுக்குவழி காட்டிவிட்டுத் திரும்பி ஆடுகளிடம் போனார்.

பஸ் நிறுத்தத்தில் யாரும் இல்லை. அம்மா போன் செய்தாள்.

“பாத்தியா? நல்லா இருக்காவளா?”

“இருக்காரு. கொழம்பு நல்லா இருக்குன்னாரு.”

“கோவமா இருக்காவளோ?”

“கோவம்லாம் இல்லம்மா.”

“நான் நடிச்சதுதான்னு சொன்னியா?”

“சொன்னேன்.”

“நம்புனாவளா?”

ஆமாம் என்று சொல்லிவிட நினைத்தேன். அதைச் சொல்லத்தான் அவள் என்னை அனுப்பியிருந்தாள். ஆனால் சொல்ல முடியவில்லை.

“நம்பலம்மா” என்றேன்.

போன் கட்டாகிவிட்டதோ என்று காதிலிருந்து எடுத்துப் பார்த்தேன், ஓடிக்கொண்டுதான் இருந்தது.

“நம்பலியா?” என்று இன்னொரு தடவை கேட்டாள்.

“இல்லம்மா. அந்த மொகம் நெசம்னுதான் நெனைக்காரு.”

“அப்பம்னா வந்திருவாவ” என்றாள் அம்மா. அதைச் சொல்லும்போது அவள் சிரிக்கவில்லை.